முதல் ஆவணப்படத்துக்கு இசையமைக்கப் போகிறீர்களா? கையெழுத்திலிருந்து கடைசி பில் வரை

தூத்துக்குடி உப்பளத் தொழிலாளர்களைப் பற்றிய 35 நிமிட ஆவணப்படம் ஒன்றுக்குப் பின்னணி இசை அமைத்தேன். அதற்கு முன் மூன்று குறும்படங்கள் செய்திருந்தேன். உப்பளப் படத்துக்கு இசையமைக்க எனக்கு ஐந்து வாரம்தான் ஆனது. அதைச் சுற்றியிருந்த ஒப்பந்தம், எடிட் மாற்றம், ஃபைல் குளறுபடி, பணம், உரிமை எல்லாமாகச் சேர்ந்து எட்டு மாதத்தை விழுங்கின. குறும்படங்களில் ஒன்றின் இசையை இன்று நான் எங்கும் வெளியிட முடியாது. ஒரு பக்கக் கடிதம்தானே என்று படிக்காமல் கையெழுத்துப் போட்டதால் வந்த நிலை அது.

இசையமைக்கக் கற்றுத்தர நிறையப் பேர் இருக்கிறார்கள். இந்த மற்ற வேலைகளை எனக்கு யாரும் வரிசையாகச் சொல்லித்தரவில்லை. குறும்படம், ஆவணப்படம், சிறு பட்ஜெட் சுயாதீனப் படம் என்று முதல் வாய்ப்பு வந்திருப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன்.

1. சரி என்று சொல்வதற்கு முன் கேட்டுவிடுங்கள்

இயக்குநர் கதை சொல்லும்போது மனசு உடனே மெட்டுக்குப் போய்விடும். அதற்கு முன் இவற்றைக் கேளுங்கள். படம் எத்தனை நிமிடம்? அதில் எத்தனை நிமிடம் இசை வேண்டும்? எடிட் எந்த நிலையில் இருக்கிறது? முதலில் எங்கே காட்டப்போகிறார்கள்: திரைப்பட விழா, யூடியூப், ஓடிடி, தொலைக்காட்சி? பணம் தருபவர் யார்: இயக்குநரா, தயாரிப்பு நிறுவனமா, தொண்டு நிறுவனமா? பேச்சு, களத்து ஒலி, இசை எல்லாவற்றையும் சேர்த்துக் கலக்கும் மிக்ஸிங் வேலையை யார் செய்கிறார், என்றைக்கு?

கடைசிக் கேள்விதான் உங்கள் கெடு. விழாவுக்கு அனுப்பும் தேதியை எல்லோரும் சொல்வார்கள். அதற்குப் பத்து நாள் முன்பே மிக்ஸிங் பொறியாளர் கையில் உங்கள் ஃபைல்கள் இருக்க வேண்டும் என்பதை யாரும் சொல்ல மாட்டார்கள்.

கணக்குக்கு ஒரு அளவு சொல்கிறேன். முழு நாளும் உட்கார்ந்தால் எனக்கு ஒரு நாளைக்கு ஒரு நிமிட இசை தேறும். லைவ் வாத்தியப் பதிவு, திருத்தங்கள், ஒப்படைப்பு இவற்றுக்கு அதே அளவு நாள் தனியாக வேண்டும். உப்பளப் படத்தில் 14 நிமிட இசை. ஆகவே ஐந்து வாரம். மூன்று வாரம் தருகிறோம் என்றால் இசையின் நிமிடங்களைக் குறைக்கச் சொல்லுங்கள். ஆவணப்படம் அதனால் கெட்டுப்போகாது, பெரும்பாலும் மேம்படும்.

2. காகிதம்: முதல் சுரத்துக்கு முன்

நண்பர் படம், தெரிந்தவர் படம், கல்லூரி சீனியர் படம் எதுவானாலும் எழுத்தில் ஒப்பந்தம் வேண்டும். காப்புரிமைச் சட்டம், 1957ன்படி உரிமையை மாற்றித் தருவது எழுத்தில், கையெழுத்தோடு இருந்தால்தான் செல்லும். இதில் உங்களுக்கும் ஒரு பாதுகாப்பு இருக்கிறது. 2012 திருத்தத்துக்குப் பிறகு, படத்தில் இடம்பெறும் இசைப் படைப்பின் ஆசிரியர் என்ற முறையில் உங்களுக்குள்ள உரிமையை, "காசு கொடுத்துச் செய்யச் சொன்னது நான்" என்ற ஒரே காரணத்தால் தயாரிப்பாளர் எடுத்துக்கொள்ள முடியாது. நீங்கள் எழுதிக் கொடுத்தால்தான் போகும்.

ஒப்பந்தம் இரண்டு வகை. ஒன்று, உரிமையை மாற்றிக் கொடுப்பது. மற்றது, உரிமை உங்களிடமே இருக்க, இந்தப் படத்தில் பயன்படுத்திக்கொள்ள அனுமதி மட்டும் கொடுப்பது. பெரிய சினிமாவில் முதல் வகைதான் வழக்கம். சம்பளம் குறைவாக இருக்கும் ஆவணப்படத்துக்கும் குறும்படத்துக்கும் இரண்டாவதைக் கேளுங்கள். "பணம் குறைவு, இசை என்னிடமே இருக்கட்டும்" என்று மரியாதையாகச் சொன்னால் பெரும்பாலான இயக்குநர்கள் ஒத்துக்கொள்கிறார்கள். நான் கேட்ட மூன்று பேரில் இருவர் உடனே சரி என்றார்கள்.

உரிமையை மாற்றிக் கொடுப்பதாகவே இருந்தாலும் இந்த இடங்களை விரல் வைத்துப் படியுங்கள்.

காலம், எல்லை. எவ்வளவு காலத்துக்கு என்று எழுதாவிட்டால் சட்டப்படி அது 5 ஆண்டு. எந்த நாட்டுக்கு என்று எழுதாவிட்டால் இந்தியாவுக்கு மட்டும். அதனால்தான் "உலகம் முழுதும், நிரந்தரமாக" என்ற சொற்கள் எல்லா மாதிரி ஒப்பந்தத்திலும் உட்கார்ந்திருக்கின்றன. அவற்றைப் பார்த்ததும் நின்று, அதற்கு ஏற்ற பணமா இது என்று யோசியுங்கள்.

ராயல்டி. படத்தோடு சேர்த்துத் திரையரங்கில் காட்டுவது தவிர்த்த மற்றப் பயன்பாடுகளில் வரும் ராயல்டியில் இசையமைப்பாளருக்குச் சம பங்கு உண்டு. இதை விட்டுக்கொடுக்கிறேன் என்று நீங்களே எழுதிக் கொடுத்தாலும் செல்லாது. வாரிசுகளுக்கோ, ராயல்டி வசூலித்துப் பிரித்துத் தரும் காப்புரிமைச் சங்கத்துக்கோ மட்டுமே அதை மாற்றித் தர முடியும். ஒப்பந்தத்தில் "எல்லா ராயல்டியும் தயாரிப்பாளருக்கே" என்று இருந்தால் அந்த வரியை அடித்துவிட்டுத் திருப்பி அனுப்புங்கள். செல்லாத வரிதானே என்று விட்டுவைத்தால், பிறகு அதைக் காட்டியே உங்களை அலையவிடுவார்கள்.

இழப்பீட்டுப் பொறுப்பு. "இந்த இசையால் யாராவது வழக்குப் போட்டால் முழுப் பொறுப்பும் இசையமைப்பாளருடையது" என்று ஒரு பத்தி இருக்கும். சொந்தமாக அமைத்த இசைக்கு அது நியாயமே. ஆனால் இயக்குநரே கொடுத்துச் சேர்க்கச் சொன்ன பழைய பாட்டு, களத்தில் பதிவான ஒலிபெருக்கிப் பாட்டு இவற்றுக்கும் நீங்கள் பொறுப்பாகிவிடக் கூடாது. "இசையமைப்பாளர் அமைத்தவற்றுக்கு மட்டும்" என்று சேர்க்கச் சொல்லுங்கள். உங்கள் பக்கமும் சுத்தமாக இருக்க வேண்டும். கிராக் செய்த மென்பொருள், எங்கிருந்து வந்தது என்று தெரியாத லூப் (ஆயத்த இசைத்துண்டு) இவற்றோடு இந்தப் பத்தியில் கையெழுத்துப் போடாதீர்கள்.

பெயர். டைட்டிலில் எந்த இடத்தில், எந்தச் சொல்லில் வரும் என்று எழுதுங்கள். "இசை", "பின்னணி இசை", "ஒலி வடிவமைப்பு" மூன்றும் ஒன்றல்ல.

திருத்தம். ஒரு பகுதிக்கு இரண்டு முறை திருத்தம் இலவசம், அதற்கு மேல் நாள் ஒன்றுக்கு இவ்வளவு என்று எண்ணில் போடுங்கள். எடிட் லாக் ஆன பிறகு (இனி எடிட் மாறாது என்று முடிவான பிறகு) படம் மாறினால் அது தனிக் கணக்கு.

பணத் தவணை. கையெழுத்தின்போது 40 சதவீதம், முதல் மாதிரிகளுக்கு ஒப்புதல் கிடைத்ததும் 30, கடைசி ஃபைல்களை ஒப்படைப்பதற்கு முன் 30. "முன்" என்ற சொல் முக்கியம். முதல் குறும்படத்தில் எல்லா ஃபைலையும் கொடுத்துவிட்டுப் பாக்கிக்காக ஏழு மாதம் போன் செய்துகொண்டிருந்தேன். இப்போது ஒப்புதலுக்கு எம்பி3 மட்டும் அனுப்புகிறேன். தனித்தனி டிராக்குகள் பணம் வந்த அன்றைக்கே போகும்.

வழக்கறிஞரிடம் ஒருமுறை காட்டுவதற்கு ஆகும் செலவைச் செலவாகவே நினைக்காதீர்கள். ஒரு நல்ல மாதிரி கையில் கிடைத்துவிட்டால் பிறகு பெயரையும் தொகையையும் மாற்றிப் பல படங்களுக்குப் பயன்படுத்தலாம்.

3. எடிட் லாக் ஆகாமல் இசையமைக்காதீர்கள்

உப்பளப் படத்தில் நான் பட்ட பாட்டில் பாதி இதனால் வந்தது. "கிட்டத்தட்ட லாக்தான், நீங்க ஆரம்பிச்சுடுங்க" என்றார்கள். ஆரம்பித்தேன். ஆறு நிமிட இசை முடிந்திருந்தபோது ஒரு பேட்டி முழுசாகப் போய்விட்டது, அதோடு அந்த இசையும். லாக்குக்கு முன் நீங்கள் செய்யக்கூடியது கருப்பொருள் தேடுவது, வாத்தியம் தேர்வது, இரண்டு மூன்று மெட்டுகளை இயக்குநருக்குப் போட்டுக்காட்டுவது. படத்தில் பொருத்தும் வேலை லாக்குக்குப் பிறகுதான்.

எடிட்டரிடம் இவற்றைக் கேட்டு வாங்குங்கள்:

படத்தின் மேலேயே டைம்கோடு எண் (மணி, நிமிடம், நொடி, ஃப்ரேம்) தெரியும் வீடியோ. பேச்சு ஒரு டிராக்கிலும், களத்து ஒலி இன்னொரு டிராக்கிலுமாகப் பிரித்த ஆடியோ. எடிட்டர் தற்காலிகமாகப் போட்டுவைத்த இசை தனி டிராக்கில், வேண்டாதபோது அணைத்துக்கொள்ள வசதியாக. படம் தொடங்குவதற்குச் சரியாக இரண்டு நொடி முன்னால் ஒரு ஃப்ரேம் நீளத்துக்கு "பிப்" ஒலி. படம் 01:00:00:00ல் தொடங்கினால் பிப் 00:59:58:00ல் இருக்கும். உங்கள் ஒவ்வொரு ஃபைலிலும் அதே பிப் இருந்தால், மிக்ஸிங்கில் யாரும் தடுமாற மாட்டார்கள்.

பிறகு ஃப்ரேம் ரேட், அதாவது நொடிக்கு எத்தனை ஃப்ரேம் என்பது. இதை வாய்வார்த்தையாகக் கேட்காமல் மின்னஞ்சலில் எழுதி வாங்குங்கள். எனக்கு வந்த வீடியோ 25 ஃப்ரேம். மிக்ஸிங்குக்குப் போன படம் 24 ஃப்ரேம். அதே ஃப்ரேம்களை நொடிக்கு 24 என்று ஓட்டியதில் 35 நிமிடப் படம் 36 நிமிடம் 27 நொடியாக நீண்டிருந்தது. முதல் இசை சரியாக விழுந்தது. கடைசி இசை ஒன்றரை நிமிடம் முன்னால் வந்து, அழுதுகொண்டிருந்த அம்மாவின் பேட்டிக்கு மேல் ஏறிக்கொண்டது. மிக்ஸிங் அறையில் அதைக் கேட்ட நிமிடத்தை இன்னும் மறக்கவில்லை. 24க்கும் 23.976க்கும் உள்ள வேறுபாடு இன்னும் ஆபத்தானது. ஒரு மணி நேரத்துக்கு 3.6 நொடிதான் விலகும் என்பதால், குறும்படத்தில் கண்ணில் படாது. முழுநீளப் படத்தில் தெரிந்துவிடும்.

உங்கள் மென்பொருளின் ஒலி அமைப்பு 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். பாட்டு வெளியிட்டுப் பழகியவர்களின் மென்பொருள் 44.1ல் நிற்கும். 44.1ல் செய்த ஃபைலை மாற்றாமல் 48 என்று எடுத்து ஓட்டினால் வேகமும் ஸ்ருதியும் சேர்ந்தே ஏறிவிடும். ஸ்ருதி ஏறத்தாழ ஒன்றரை அரைச்சுரம் ஏறும்.

4. ஸ்பாட்டிங்: எங்கே இசை, எங்கே மௌனம்

இயக்குநரோடு உட்கார்ந்து படத்தை நிறுத்தி நிறுத்திப் பார்க்கும் வேலை இது. அரை நாள் ஒதுக்குங்கள். கையில் ஒரு விரிதாள்: எண், தொடங்கும் டைம்கோடு, முடியும் டைம்கோடு, ஏன் இங்கே இசை, இயக்குநர் சொன்ன சொல். கடைசிக் கட்டத்தை அவர் பேசிய வார்த்தையிலேயே எழுதுங்கள். "கொஞ்சம் கனமா" என்றால் "கொஞ்சம் கனமா". மூன்று வாரம் கழித்து அவர் வேறொன்று கேட்கும்போது இது உதவும். கூட்டம் முடிந்த அன்று இரவே தாளை அவருக்கு அனுப்பி "சரிதானே?" என்று கேட்டுப் பதில் வாங்கிவிடுங்கள்.

எண்ணுக்கு வழக்கமான முறை: முதல் ரீலின் முதல் இசை 1எம்1, இரண்டாவது 1எம்2. ரீல் இல்லாத படத்திலும் இப்படியே போடலாம்.

ஆவணப்படத்தில் எனக்கு ஒரு பிடிவாதம் உண்டு. உண்மையான மனிதர் தன் கஷ்டத்தைச் சொல்லிக்கொண்டிருக்கும்போது அடியில் சோக வயலின் போடக் கூடாது. பார்ப்பவர் என்ன உணர வேண்டும் என்று அந்த மனிதரின் தோளுக்கு மேலிருந்து நாம் கட்டளையிடுவது போல ஆகிவிடும். அவர் பேசி முடித்து, முகம் மட்டும் திரையில் நிற்கும் அந்த ஐந்து நொடி இசைக்கு உரியது. இயக்குநரிடம் இதை ஸ்பாட்டிங்கிலேயே பேசிவிடுங்கள்.

5. ரெஃபரன்ஸ் பாட்டு என்னும் பள்ளம்

எடிட்டர் வேலைக்காக ஏதோ ஒரு படத்தின் பிஜிஎம்மை ஒட்டியிருப்பார். இயக்குநர் இரண்டு மாதமாக அதைக் கேட்டே பழகியிருப்பார். "இதே மாதிரி, ஆனா வேற" என்பார். மெட்டையும் வாத்திய அடுக்கையும் பின்தொடர்ந்து போனால் உரிமைச் சிக்கலில் மாட்டுவது நீங்கள்தான், அவரல்ல. இழப்பீட்டுப் பத்தியை நினைவில் வையுங்கள். அந்த இசையில் அவருக்குப் பிடித்தது வேகமா, வெறுமையா, குறிப்பிட்ட இடத்தில் அது நிற்பதா என்று கேட்டுப் பிரித்தெடுங்கள். பெரும்பாலும் வேகம்தான் என்று தெரியவரும். அதை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றதை மறந்துவிடலாம்.

"விழாவுக்கு மட்டும்தானே, பழைய சினிமாப் பாட்டு ஒன்று போட்டுக்கலாம்" என்பதும் காதில் விழும். விழாவில் காட்டினாலும் அது பொதுவில் காட்டுவதுதான், உரிமம் வேண்டும். பழைய பாடல் ஒன்றில் பல உரிமைகள் அடங்கியிருக்கின்றன: வரிகள், மெட்டு, ஒலிப்பதிவு. வரிகளுக்கும் மெட்டுக்கும் ஆசிரியர் இறந்த அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டு வரை உரிமை உண்டு. தியாகராஜர் கீர்த்தனைகளையும் பாரதியார் பாடல் வரிகளையும் நீங்களே புதிதாகப் பதிவுசெய்து பயன்படுத்தத் தடையில்லை. பாபநாசம் சிவன் மறைந்தது 1973ல் என்பதால் 2033 முடியும்வரை அவர் பாடல்களுக்கு அனுமதி கேட்டாக வேண்டும். கச்சேரி மேடையில் எல்லோரும் பாடுகிறார்களே என்று ஏமாந்துவிடாதீர்கள். பாரதியார் பாட்டே ஆனாலும் வேறொருவர் வெளியிட்ட ஒலிப்பதிவை எடுத்து ஒட்டக் கூடாது.

6. இப்போது இசை

மென்பொருளுக்குப் பெரிய செலவு வேண்டாம். ரீப்பர் 60 நாள் முழுமையாக இலவசம், அதன் பிறகு சிறு அளவில் வேலை செய்பவர்களுக்கான உரிமம் 60 டாலர். வீடியோவை அதிலேயே ஓட்டலாம். லாஜிக், க்யூபேஸ் எது பழக்கமோ அதிலேயே இருங்கள். படம் நடுவில் மென்பொருள் மாற்றாதீர்கள்.

காட்சியில் ஒரு தருணத்தில் சரியாக அடி விழ வேண்டும் என்றால் வேகத்தைக் கணக்குப் போட்டு எடுக்கலாம். அட்சரங்களின் (தாள அடிகளின்) எண்ணிக்கையை 60ஆல் பெருக்கி, நொடிகளால் வகுங்கள். இசை தொடங்கி 17வது நொடியில் உப்புக் கூடை தலைக்கு ஏறுகிறது என்று வைத்துக்கொள்வோம். இரண்டு ஆதி தாள ஆவர்த்தனம் முடிந்து, அடுத்ததின் முதல் அடியான சமம் அங்கே விழ வேண்டும். 16 அட்சரம், 16 × 60 ÷ 17 = 56.47. மென்பொருளில் வேகத்தை 56.47 என்று வைத்தால் கூடை ஏறும் கணத்தில் சமம் நிற்கும். எல்லாக் காட்சியிலும் இப்படிச் செய்யாதீர்கள். படம் முழுதும் அடிக்கு அடி பொருந்தினால் விளம்பரம் பார்ப்பது போல ஆகிவிடும். ஒரு படத்தில் நான்கைந்து இடம் போதும்.

பேச்சுக்கு அடியில் இசை வரும்போது அசைவைக் குறையுங்கள். சுரத்தை அசைக்கும் கமகம் காதை இழுக்கும். ஒரு பிருகா (வேகமான சுரக்கோவை) ஓடினால் பேட்டியில் அந்த வாக்கியம் போய்விட்டது. பேச்சின் தெளிவு பெரும்பாலும் 1 முதல் 4 கிலோஹெர்ட்ஸ் வரையிலான பகுதியில் இருக்கிறது. நாகஸ்வரமும் வயலினின் மேல் தந்தியும் அங்கேதான் பளிச்சென்று கேட்கும். பேச்சின் கீழே தம்பூரா மாதிரி நிற்கும் கீழ்ஸ்தாயி ஒலி, இடைவெளியில் மட்டும் மேலே வரும் மெட்டு. இந்தப் பிரிவினையை முதலிலேயே செய்துவிட்டால் மிக்ஸிங்கில் உங்கள் இசையின் சத்தத்தைத் தரையோடு தரையாக இறக்க மாட்டார்கள்.

களத்து ஒலியின் ஸ்ருதியைக் கேளுங்கள். இதை நான் தாமதமாகத்தான் கண்டுகொண்டேன். உப்பளத்தில் தண்ணீர் இறைக்கும் மின் மோட்டார் பல காட்சிகளில் ஓடிக்கொண்டேயிருந்தது. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், ஆகவே அதன் ரீங்காரம் 50, 100 ஹெர்ட்ஸில் வரும். அது ஐந்து கட்டை ஸ்ருதிக்கு மிக அருகில், அதைவிடச் சற்றே ஏறி நிற்கிறது. நான் முதலில் ஐந்தரைக் கட்டையில் அமைத்திருந்த இசை அந்தக் காட்சிகளில் ஏதோ உறுத்திக்கொண்டேயிருந்தது. ஏன் என்றே தெரியவில்லை. ஐந்து கட்டைக்கு இறக்கி, மென்பொருளில் ஸ்ருதியை மோட்டாருக்கு ஒத்து லேசாக ஏற்றியதும் மோட்டாரே தம்பூராவாகிவிட்டது. உப்பு வாரும் பலகை பாத்தியில் உராயும் ஒலியையும் அப்படியே எடுத்துத் தாளமாக வைத்தேன். படத்தில் எல்லோரும் பாராட்டிய இடம் அதுதான். ஒலிப்பதிவாளரிடம் படத்தில் வராத மிச்ச ஒலிகளையும் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள், அது பொக்கிஷம்.

7. வாத்தியக் கலைஞர்கள், ஸ்டுடியோ, செலவு

எல்லாவற்றையும் கீபோர்டில் வாசித்துவிடலாம் என்று தோன்றும். ஒரே ஒரு உண்மையான வாத்தியமாவது வையுங்கள். கேட்பவருக்குக் காரணம் தெரியாது, வித்தியாசம் தெரியும்.

அழைக்கும்போதே கட்டையைச் சொல்லிவிடுங்கள். வயலின் எதற்கும் வளையும். புல்லாங்குழல்காரர் அந்தக் கட்டைக்கான குழலை எடுத்துவர வேண்டும். நாகஸ்வரத்தின் ஸ்ருதி அதன் நீளத்தில் கட்டப்பட்டது, பாரி நாகஸ்வரம் பெரும்பாலும் இரண்டு, இரண்டரைக் கட்டையில் இருக்கும். நீங்கள் நாலு கட்டையில் அமைத்துவிட்டு அவரை வரவழைத்தால் அன்றைய பணம் வீண். நாகஸ்வரம் வேண்டும் என்றால் அவருடைய கட்டையைக் கேட்டுவிட்டுப் பிறகு இசையமையுங்கள். பறைக்குத் தோலைத் தீயில் காய்ச்ச வேண்டும். குளிரூட்டிய அறைக்குள் வந்ததும் அது இறங்கத் தொடங்கும். ஸ்டுடியோ வாசலில் காய்ச்ச அனுமதி உண்டா என்று முன்பே கேளுங்கள், பதிவின்போது ஏசியை அணைக்கச் சொல்லுங்கள்.

சினிமா இசைக் கலைஞர்கள் சங்க உறுப்பினர்களை அழைத்தால் கால்ஷீட் கணக்கு உண்டு. ஒரு கால்ஷீட் எத்தனை மணி நேரம், நேரம் தாண்டினால் எவ்வளவு, குறும்படத்துக்குத் தனி விகிதம் உண்டா என்று கேட்டுவிட்டு நாளைக் குறியுங்கள். பணத்தை அன்றே கையில் கொடுத்துவிடுங்கள். தயாரிப்பாளர் தந்ததும் தருகிறேன் என்று சொல்லாதீர்கள். அவரிடம் உங்களுக்கு முன்பணம் வாங்குவதே இதற்காகத்தான்.

ஒவ்வொரு கலைஞரிடமும் ஒரு பக்க ஒப்புதல் கடிதம் வாங்குங்கள். நிகழ்த்துபவருக்கு அவர் வாசித்ததில், பாடியதில் தனி உரிமை உண்டு. கிராமத்து ஒப்பாரியோ தாலாட்டோ யாருக்கும் சொந்தமில்லாத பழம்பாட்டாக இருக்கலாம். பாடிய பாட்டிக்கு அவர் குரல்மேல் உரிமை இருக்கிறது. கடிதத்தைத் தமிழில் எழுதி, படித்துக்காட்டி, எங்கெல்லாம் ஒலிக்கும் என்று விளக்கி, பணம் கொடுத்து, டைட்டிலில் அவர் பெயரையும் ஊரையும் போடச் சொல்லுங்கள். "நாட்டுப்புறப் பாடல்" என்று மட்டும் போட்டுவிட்டுப் போவது எனக்குத் தாங்காது.

உப்பளப் படத்தில் எனக்கு ஆன கணக்கு இது. ஊருக்கும் ஆளுக்கும் தகுந்து மாறும், உங்கள் கணக்குக்கு ஒரு அச்சாக வைத்துக்கொள்ளுங்கள். சம்பளம் 60,000 ரூபாய். சாலிகிராமத்தில் ஒரு சிறிய ஸ்டுடியோ, மணிக்கு 800 வீதம் 6 மணி நேரம், 4,800. வயலின் 4,000, குழல் 4,000, நாகஸ்வரம் 5,000. அவர்கள் போக்குவரத்து, சாப்பாடு 1,500. என் இசையை முன்மிக்ஸ் செய்து தந்த பொறியாளருக்கு 6,000. மொத்தச் செலவு 25,300. வரிப் பிடித்தம் 6,000. கையில் நின்றது 28,700, ஐந்து வார வேலைக்கு. அடுத்த படத்துக்குச் சம்பளம் தனி, வாத்தியம் ஸ்டுடியோ செலவு தனி என்று பிரித்துத்தான் பேசினேன். நீங்களும் அப்படியே பேசுங்கள். மொத்தத் தொகைக்கு ஒத்துக்கொண்டால், இன்னொரு வாத்தியம் கேட்கும் ஒவ்வொரு முறையும் உங்கள் சட்டைப்பையில்தான் கை விழும்.

8. ஒப்படைப்பு

48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் வேவ் ஃபைல்கள். ஒவ்வொரு இசைக்கும் முழு மிக்ஸ் ஒன்று, அதோடு பிரித்த டிராக்குகள்: தாளம், தந்தி, காற்று வாத்தியம், கீழ்ஸ்தாயி, குரல், மற்றவை. எல்லாம் ஒரே புள்ளியில் தொடங்க வேண்டும். மாஸ்டர் சேனலில் லிமிட்டர் போட்டுச் சத்தத்தை ஏற்றாதீர்கள். ஓடிடிக்கும் தொலைக்காட்சிக்கும் ஒலி அளவு வேறு வேறு, அதைப் பார்த்துக்கொள்வது மிக்ஸிங் பொறியாளர் வேலை. ஃபைல் பெயரில் இசை எண், தொடங்கும் டைம்கோடு, எத்தனையாவது திருத்தம் என்பது இருக்கட்டும். "ஃபைனல் புதுசு" என்று பெயர் வைத்த ஃபைலை அனுப்பி, பழைய திருத்தம் படத்தில் ஏறிவிட்ட கதை எனக்கு நடந்திருக்கிறது.

மிக்ஸிங் நாளில் கட்டாயம் போங்கள். யாரும் அழைக்காவிட்டாலும் கேட்டுக்கொண்டு போங்கள்.

9. க்யூ ஷீட்டும் பதிவும்

படம் முடிந்தது என்று எல்லோரும் கலைந்துபோகும் வாரத்தில் இதைச் செய்தாக வேண்டும், பிறகு யாரும் சிக்க மாட்டார்கள். க்யூ ஷீட் என்பது படத்தில் உள்ள ஒவ்வொரு இசையின் பெயர், நீளம், பின்னணியா திரைக்குள் ஒலிப்பதா, இசையமைப்பாளர், பாடலாசிரியர், உரிமையாளர் என்ற பட்டியல். ஸ்பாட்டிங் தாளைத் திருத்தினாலே இது கிடைத்துவிடும். தயாரிப்பாளர் கையெழுத்தோடு ஒரு பிரதி உங்களிடம் இருக்கட்டும். தொலைக்காட்சியிலோ ஓடிடியிலோ படம் ஓடினால் ராயல்டி உங்களைத் தேடி வருவதற்கு இதுதான் முகவரி.

அடுத்து ஐபிஆர்எஸ். மும்பையைத் தலைமையிடமாகக் கொண்ட இந்தச் சங்கம்தான் இசையமைப்பாளர், பாடலாசிரியர், இசை வெளியீட்டாளர்களுக்கு ராயல்டி வசூலித்துத் தருவது. உறுப்பினராகப் பான் அட்டை, முகவரிச் சான்று, வங்கிக் கணக்குக்காக ரத்துசெய்த காசோலை, வெளிவந்த படைப்பின் விவரம் வேண்டும். விண்ணப்பம் இணையத்திலேயே. உறுப்பினர் ஆனால் மட்டும் போதாது, ஒவ்வொரு படைப்பையும் தனித்தனியாகப் பதிய வேண்டும்.

காப்புரிமை அலுவலகத்தில் பதிவது கட்டாயமில்லை, படைத்த உடனே உரிமை பிறந்துவிடுகிறது. தகராறு வந்தால் சான்றாக உதவும் என்பதால் முக்கியமான மெட்டை மட்டும் பதியலாம். ஓர் இசைப் படைப்புக்குக் கட்டணம் 500 ரூபாய், ஒலிப்பதிவுக்கு 2,000. இணையத்தில் விண்ணப்பித்து எண் கிடைத்த பின் ஆட்சேபத்துக்காக 30 நாள் காத்திருப்பு உண்டு. அதன் பிறகே பரிசீலனை தொடங்கும் என்பதால் சான்றிதழுக்கு மாதங்கள் ஆகலாம்.

இசையை ஆல்பமாக வெளியிடும்போது ஒரு பொறி இருக்கிறது. ஓர் இசை எந்த வீடியோவில் வந்தாலும் தானாகக் கண்டுபிடிக்கும் யூடியூப் கன்டென்ட் ஐடியில் உங்கள் இசையைச் சேர்க்கட்டுமா என்று விநியோகத் தளங்கள் கேட்கும். சேர்த்தால் இயக்குநர் தன் படத்தை யூடியூபில் ஏற்றிய நாளில் அவருக்கே உரிமைக் கோரிக்கை போகும். அவருடைய சேனலை விலக்குப் பட்டியலில் சேர்த்துவிட்டுத்தான் வெளியிட வேண்டும். கடையில் வாங்கிய லூப்பை மாற்றாமல் பயன்படுத்திய இசையைக் கன்டென்ட் ஐடியில் சேர்க்கவே சேர்க்காதீர்கள். அதே லூப்பை வாங்கிய நூறு பேர் படங்களுக்கும் கோரிக்கை பறக்கும்.

10. பில், வரி

பில்லில் உங்கள் பெயர், முகவரி, பான் எண், படத்தின் பெயர், எந்தத் தவணை, வங்கி விவரம் இருக்க வேண்டும். நிறுவனம் ஓர் ஆண்டில் உங்களுக்குத் தரும் தொழில்முறைக் கட்டணம் 50,000 ரூபாயைத் தாண்டினால் 10 சதவீதம் டிடிஎஸ் (வரிப் பிடித்தம்) பிடிக்கும். பான் தராவிட்டால் அது 20 சதவீதம். ஆண்டு வரவு 20 லட்சத்துக்குள் இருந்தால் ஜிஎஸ்டி பதிவு பொதுவாகத் தேவையில்லை. இசையின் காப்புரிமையைத் தயாரிப்பாளருக்கோ இசை நிறுவனத்துக்கோ தருவதில் வரும் ஜிஎஸ்டியைக் கட்டவேண்டியவர் வாங்குபவரே. நிறுவனத்தின் கணக்காளருக்கு இது தெரியாமல் உங்களிடம் ஜிஎஸ்டி எண் கேட்டுப் பணத்தை நிறுத்திவைக்கலாம், எனக்கு ஒரு மாதம் அப்படிப் போனது. "எதிர்முறை வரி" (ரிவர்ஸ் சார்ஜ்) என்ற விவரத்தைப் பில்லிலேயே எழுதிவிட்டால் பேச்சு சீக்கிரம் முடியும்.

வருமான வரிக் கணக்கில் இசையமைப்பாளர் திரைக்கலைஞர் பட்டியலில் வருவதால், மொத்த வரவில் பாதியை வருமானமாகக் காட்டும் எளிய முறையைப் பயன்படுத்தலாம். புதிதாகத் தொடங்குபவர்களின் வருமானத்துக்குப் பிடித்த டிடிஎஸ் பெரும்பாலும் முழுதுமே திரும்பக் கிடைத்துவிடும். ஆனால் நிறுவனம் அதை உங்கள் பான் எண்ணில் கட்டியிருக்க வேண்டும். காலாண்டு முடிந்து இரண்டு மாதத்துக்குள் வருமான வரித் தளத்தில் 26ஏஎஸ் அறிக்கையைத் திறந்து பாருங்கள். தொகை அங்கே இல்லையென்றால், பில்லின் நகலை இணைத்து அன்றைக்கே கணக்காளருக்கு மின்னஞ்சல் அனுப்புங்கள்.